இரண்டு முறை ஏறிய ஊர்



சென்ற இதழின் விளையாட்டுப் பக்கங்களைப் படித்த வாசகர் ஒருவர் சுருக்கென்று எழுதியிருக்கிறார்: "கோடிகளில் புரளும் கிளப்புகளை விட்டால் கால்பந்தே இல்லையா? லீவு நாளில் கைக்காசைப் போட்டு ஆடுகிறவர்களைப் பற்றி எழுத உங்களுக்கு மனசு வராதா?"

வரும் ஐயா. இந்த மாதம் என் பக்கத்தையே அதற்கு ஒதுக்கிவிட்டேன். ஒன்றை மட்டும் முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். நான் சொல்லப்போகும் கிளப்பைப் பற்றி எழுதுகிற பலரும் அதை ஒரு தேவதைக் கதையாக்கி, கடைசியில் கைக்குட்டையை எடுக்க வைத்துவிடுவார்கள். எனக்கு அந்தக் கதையில் பிடித்த பாத்திரங்கள் கணக்குப் புத்தகமும் கமிட்டிக் கூட்டமும்தான்.

லண்டனின் தென்மேற்கு மூலையில் இருக்கும் விம்பிள்டனை நாம் டென்னிஸை வைத்துத்தான் அறிவோம். அந்த ஊரின் கால்பந்து கிளப் 1889ல் தொடங்கியது. 1912 முதல் ப்ளவ் லேன் என்ற தெருவில் அதற்கு மைதானம். பல பத்தாண்டுகள் அது அமெச்சூர் கிளப்தான். 1963ல் வெம்ப்ளியில் நடந்த அமெச்சூர் கோப்பை இறுதி ஆட்டத்தில் சட்டன் யுனைடெட்டை 4-2 என்று வென்றது. நாலு கோலையும் அடித்தவர் எடி ரெனால்ட்ஸ் என்ற ஒரே ஆள், நாலையும் தலையாலேயே முட்டி அடித்தார். அடுத்த வருஷமே கிளப் சம்பள ஆட்டத்துக்கு மாறியது.

ஆனால் இங்கிலாந்தின் பெரிய லீகுக்குள் நுழைவது அப்போது ஆடி ஜெயிக்கும் காரியமாக இல்லை. உள்ளே இருக்கும் கிளப்புகள் வாக்களித்துச் சேர்த்துக்கொள்ள வேண்டும். கீழ் லீகில் முதலிடம் பிடித்தால் தானாக மேலே போகலாம் என்ற விதி 1987ல்தான் நடைமுறைக்கு வந்தது. அதுவரை உள்ளே இருப்பவர்கள் தங்களுக்குள் ஒருவருக்கொருவர் கை கொடுத்துக்கொள்வார்கள், வெளியே இருப்பவர்கள் வருஷா வருஷம் மனுப் போடுவார்கள். விம்பிள்டனைக் கவனிக்க வைத்தது 1975ம் ஆண்டு எஃப்.ஏ. கோப்பை. லீகுக்கு வெளியே கிடந்த இந்த அணி முதல் டிவிஷனில் இருந்த பர்ன்லியை அவர்கள் மைதானத்திலேயே தோற்கடித்தது. அடுத்த சுற்றில் அப்போதைய சாம்பியன் லீட்ஸை 0-0 என்று மடக்கியது. லீட்ஸின் பீட்டர் லோரிமர் பந்தைப் பேயாக உதைப்பவர் என்று பெயரெடுத்தவர். அவருடைய பெனால்டியைப் பிடித்தார் கோல்கீப்பர் டிக்கி கை. மறு ஆட்டத்தில் லீட்ஸ் ஜெயித்தது, அது வேறு விஷயம். 1977ல் வொர்க்கிங்டன் என்ற கிளப்பை வெளியேற்றிவிட்டு விம்பிள்டனைச் சேர்த்துக்கொள்ள வாக்கு விழுந்தது. அங்கிருந்து ஒன்பதே வருஷத்தில் முதல் டிவிஷன். 1988 மே 14 அன்று வெம்ப்ளியில் லிவர்பூலை 1-0 என்று சாய்த்து எஃப்.ஏ. கோப்பை. கோல் அடித்தவர் லாரி சான்செஸ், மறுபடியும் தலையால். ஜான் ஆல்ட்ரிட்ஜின் பெனால்டியைத் தடுத்தவர் டேவ் பீசன்ட். வெம்ப்ளியில் நடந்த எஃப்.ஏ. கோப்பை இறுதி ஆட்டம் ஒன்றில் தடுக்கப்பட்ட முதல் பெனால்டி அதுதான்.

இந்த ஊருக்கும் பெனால்டி தடுக்கும் கோல்கீப்பர்களுக்கும் ஏதோ பூர்வ ஜென்ம பந்தம் இருக்கிறது. மூன்றாமவர் பின்னால் வருகிறார்.

முதல் ஏற்றம் அத்தோடு முடிந்தது. 1989ல் ஹில்ஸ்பரோ மைதான நெரிசலில் லிவர்பூல் ரசிகர்கள் இறந்ததைத் தொடர்ந்து, மேல் டிவிஷன் மைதானங்களில் எல்லோருக்கும் இருக்கை வேண்டும் என்று விதி வந்தது. ப்ளவ் லேனில் அது முடியாது என்று நிர்வாகம் சொல்லிவிட்டது. 1991ல் கிளப் கிரிஸ்டல் பேலஸின் மைதானத்துக்கு வாடகைக் குடித்தனம் போனது. பழைய மைதானம் சூப்பர் மார்க்கெட் நிறுவனத்துக்கு விற்கப்பட்டது. இன்று அங்கே அடுக்குமாடிக் குடியிருப்பு நிற்கிறது. பெயர் ரெனால்ட்ஸ் கேட், அந்த நாலு கோல் ரெனால்ட்ஸின் நினைவாக.

வாடகை வீட்டில் பத்து வருஷம். முதலாளிகள் மாறினார்கள். கிளப்பை டப்ளினுக்குக் கொண்டுபோகலாமா என்றுகூடப் பேச்சு நடந்தது. 2001ல் நிர்வாகம் ஒரு முடிவை அறிவித்தது: கிளப் மில்டன் கீன்ஸுக்குப் போகிறது. விம்பிள்டனிலிருந்து சுமார் 90 கிலோமீட்டர் தள்ளி இருக்கும் புதிய நகரம் அது. லீக் மறுத்தது. மேல்முறையீடு. இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கமான எஃப்.ஏ. மூன்று பேர் கமிஷன் அமைத்தது. 2002 மே 28ம் தேதி இருவர் சரி என்றார்கள், ஒருவர் மறுத்தார், கிளப் போய்விட்டது. கமிஷன் தன் அறிக்கையில் இன்னொன்றையும் எழுதி வைத்தது. ரசிகர்கள் அதே ஊரில் புதிதாக ஒரு கிளப்பைத் தொடங்கினால் அது கால்பந்தின் பரந்த நலனுக்கு ஏற்றதல்லவாம்.

அரசாங்க மொழியில் இப்படி யாராவது எழுதிவிட்டால் நம் ஊர்க்காரர்கள் என்ன செய்வார்கள்? அதை பேனரில் அச்சடித்துத் தூக்குவார்கள். அங்கேயும் அதுதான் நடந்தது.

இரண்டு நாள் கழித்து, மே 30 அன்று, ரசிகர்கள் ஊர்ச் சமூகக்கூடத்தில் கூடினார்கள். வழக்குப் போடலாம், போராடலாம் என்று பேச்சு போய்க்கொண்டிருந்தபோது கிரிஸ் ஸ்டூவர்ட் என்பவர் எழுந்து, சண்டை போட்டுப் போட்டு அலுத்துவிட்டது, தனக்குக் கால்பந்து பார்க்க வேண்டும், அவ்வளவுதான் என்ற பொருளில் பேசினார். அவர்தான் புதிய ஏ.எஃப்.சி. விம்பிள்டனின் முதல் தலைவரானார். அந்தக் கூட்டத்தின் புத்திசாலித்தனம் இதில்தான் இருக்கிறது என்று நினைக்கிறேன். நியாயம் தங்கள் பக்கம் என்று நிரூபிக்க அவர்கள் இன்னும் பத்து வருஷம் செலவழித்திருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். பதிலாக, ஆறு வாரத்தில் ஒரு அணி வேண்டும் என்று வேலையைப் பிரித்துக்கொண்டார்கள்.

ஜூன் 29 அன்று விம்பிள்டன் காமன் என்ற பொதுப் புல்வெளியில் செலக்‌ஷன். ஆட விருப்பமுள்ள யாரும் வரலாம் என்றார்கள். 230 பேர் வந்தார்கள். ஜூலை 10ல் முதல் ஆட்டம், சட்டன் யுனைடெட்டுடன் ஒரு ஃப்ரெண்ட்லி மேட்ச். ஆமாம், 1963ல் தோற்கடித்த அதே சட்டன். 0-4 என்று மண்ணைக் கவ்வினார்கள். பார்க்க வந்தவர்கள் 4,657 பேர். தோற்ற அணியின் ரசிகர்கள் அன்றைக்குக் கொண்டாடிய மாதிரி ஜெயித்த அணிகூடக் கொண்டாடாது.

லீக் ஆட்டம் ஆகஸ்ட் 17ல் சாண்ட்ஹர்ஸ்ட் டவுன் என்ற சிறிய கிளப்பின் மைதானத்தில் தொடங்கியது. கம்பைண்டு கவுன்ட்டீஸ் லீக் என்பது அதன் பெயர். இன்றைய கணக்கில் பிரிமியர் லீகை முதல் படி என்று வைத்தால் இது ஒன்பதாம் படி. ஆடுகிறவர்கள் வாரநாளில் வேறு வேலை பார்ப்பவர்கள். இந்தப் படியில் பார்க்க வருபவர்களை வழக்கமாக விரல் விட்டு எண்ணிவிடலாம். அன்று வந்தவர்கள் 2,449 பேர். விம்பிள்டன் 2-1 என்று ஜெயித்தது. அந்த சீசன் முழுக்க சராசரியாக 3,000 பேருக்கு மேல் வந்தார்கள். இரண்டாம் படியில் ஆடிக்கொண்டிருந்த பழைய கிளப்புக்கு அதே வருஷம் வந்த கூட்டம் இதைவிடக் குறைவு. பழைய கிளப் 2003ல் மஞ்சள் கடுதாசி நிலைக்குப் போய், மில்டன் கீன்ஸுக்கும் போய்ச் சேர்ந்து, 2004ல் பெயரையும் மில்டன் கீன்ஸ் டான்ஸ் என்று மாற்றிக்கொண்டது.

இனி கணக்குப் புத்தகம்.

புதிய கிளப்பின் கட்டுப்பாடு டான்ஸ் டிரஸ்ட் என்ற ரசிகர் அமைப்பின் கையில். சந்தா கட்டிய ஒவ்வொருவருக்கும் ஒரு வாக்கு. ஆயிரம் கொடுத்தவருக்கும் ஒன்று, அடிப்படைச் சந்தா கட்டியவருக்கும் ஒன்று. முதலாளி என்று ஒருவர் வந்து ஊரைவிட்டுத் தூக்கிப்போகக் கூடாது என்பதற்காகவே அப்படி ஓர் ஏற்பாடு. தலைமை நிர்வாகியாக நெடுங்காலம் இருந்தவர் எரிக் சாமுவேல்சன். பெரிய கணக்குத் தணிக்கை நிறுவனம் ஒன்றில் பங்குதாரராக இருந்து ஓய்வு பெற்றவர். அவருக்குக் கிளப் கொடுத்த சம்பளம் வருஷத்துக்கு ஒரு கினி. பழைய ஆங்கிலேயக் கணக்கில் 21 ஷில்லிங், அதாவது ஒரு பவுண்டும் ஐந்து பென்ஸும். ஒரு பவுண்டு என்பதைவிட ஒரு கினி என்றால் கொஞ்சம் கௌரவமாக இருக்கிறதே என்று அவர் வேடிக்கையாகச் சொன்னதுண்டு. பேருந்துக்குக்கூடப் போதாத அந்தச் சம்பளத்துக்கு ஒரு மனிதர் வங்கிக் கடிதம், குத்தகைப் பத்திரம், மாநகராட்சி மனு என்று வருஷக்கணக்கில் அல்லாடியிருக்கிறார். கோல் அடித்தவர்களின் படம் சுவரில் தொங்கும். இவர் மாதிரி ஆட்கள் இல்லாவிட்டால் அந்தச் சுவரே இருக்காது.

சட்டையில் விளம்பரம் தந்தது யார் தெரியுமா? உங்கள் வீட்டுப் பிள்ளைகள் இரவெல்லாம் கண்விழித்து விளையாடும் 'ஃபுட்பால் மேனேஜர்' கம்ப்யூட்டர் விளையாட்டைத் தயாரிக்கும் நிறுவனம். முதல் வருஷத்திலிருந்தே கூட நின்றார்கள்.

களத்தில் நடந்தது விறுவிறுப்பான கதைதான், வேகமாகச் சொல்லிவிடுகிறேன். முதல் வருஷம் மூன்றாமிடம், மேலே போக முடியவில்லை. இரண்டாம் வருஷம் 46 ஆட்டத்தில் 42 வெற்றி, 4 டிரா, தோல்வியே கிடையாது. 2003 பிப்ரவரியிலிருந்து 2004 டிசம்பர் வரை தொடர்ந்து 78 லீக் ஆட்டங்களில் தோற்கவில்லை. இங்கிலாந்தின் சீனியர் கால்பந்தில் அது சாதனை. அடுத்த வருஷமும் சாம்பியன். இப்படியே போனால் நாலைந்து வருஷத்தில் லீகில் இருப்போம் என்று ரசிகர்கள் கணக்குப் போட்டிருப்பார்கள்.

அப்போதுதான் வண்டி மணலில் சிக்கியது. இஸ்த்மியன் லீகின் பிரிமியர் டிவிஷனில் மூன்று வருஷம். இரண்டு முறை மேலே ஏறுவதற்கான ப்ளே-ஆஃப் வரை போய் அரையிறுதியில் கவிழ்ந்தார்கள். நடுவில் 2007ல் ஒரு கூத்து. ஜெர்மெய்ன் டார்லிங்டன் என்ற அனுபவ ஆட்டக்காரரைச் சேர்த்திருந்தார்கள். அவர் முன்பு ஆடிய கார்டிஃப், இங்கிலாந்து லீகில் ஆடினாலும், வேல்ஸ் நாட்டுச் சங்கத்தின் கீழ் வரும் கிளப். ஆகவே அவருக்கு சர்வதேச மாற்றுச் சான்றிதழ் வாங்கியிருக்க வேண்டுமாம். ஒரு காகிதம் இல்லை என்பதற்காக 18 புள்ளிகளை வெட்டினார்கள். நாடாளுமன்றம் வரை பேச்சு போனது. மேல்முறையீட்டில் 18 என்பது 3 ஆனது. அமெச்சூர் அணி நடத்திய யாருக்கும் இது புரியும். பயிற்சிக்கு ஆள் வந்தாரா என்பதைவிட, பதிவுப் படிவத்தில் கையெழுத்து வாங்கினோமா என்ற கவலைதான் செயலாளரின் தூக்கத்தைக் கெடுக்கும்.

2007ல் டெர்ரி பிரவுன் பயிற்சியாளராக வந்தார். 2008ல் ப்ளே-ஆஃப் வழியாக ஒரு படி. 2009ல் சாம்பியனாக இன்னொன்று. 2010-11 சீசனில் 90 புள்ளிகளுடன் இரண்டாமிடம். ப்ளே-ஆஃப் அரையிறுதியில் ஃப்ளீட்வுட் டவுனை இரண்டு ஆட்டமும் சேர்த்து 8-1 என்று நசுக்கினார்கள். 2011 மே 21, மான்செஸ்டர், இறுதி ஆட்டம். எதிரே லூட்டன் டவுன்.

90 நிமிடம் 0-0. கடைசி நேரத்தில் லூட்டனின் ஜேசன் வாக்கர் முட்டிய பந்து கம்பத்தில் பட்டுத் திரும்பியது. கூடுதல் நேரத்திலும் கோல் இல்லை. பெனால்டி ஷூட் அவுட். விம்பிள்டனின் கோல்கீப்பர் செப் பிரவுன், 21 வயதுப் பையன், சிறு வயதில் இதே கிளப்பின் ரசிகன். ஒன்றைத் தடுத்தான். பிறகு வந்த வாக்கர் பந்தை மெல்லத் தூக்கிவிட்டுக் கோல்கீப்பரை ஏமாற்றப் பார்த்தார். பிரவுன் ஏமாறவில்லை. நான் சொன்ன மூன்றாமவர் இவர்தான். முதலாமவரான டிக்கி கை அப்போது இந்தப் புதிய கிளப்பின் கௌரவத் தலைவர் என்பதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கடைசிப் பெனால்டியை கேப்டன் டேனி கெட்வெல் ஓங்கி உதைத்து வலைக்குள் அனுப்பினார். 4-3. ஒன்பது சீசன், ஐந்து ஏற்றம், யாருடைய வாக்கும் தேவைப்படாமல் கால்பந்து லீகுக்குள்.

சில வாரத்தில் அதே கெட்வெல் கில்லிங்கம் கிளப்புக்குப் போய்விட்டார். இதை யாரும் கதையில் சேர்ப்பதில்லை. சம்பள ஆட்டத்தின் முதல் பாடம் அதுதான். நம்மை ஏற்றிவிட்டவரையே விலைக்குக் கேட்டு ஆள் வரும், கொடுத்துவிட்டு அடுத்த ஆளைத் தேட வேண்டும்.

கதையில் சேர்க்கத் தயங்குகிற இன்னொன்றும் இருக்கிறது. அதைச் சொல்லாவிட்டால் இந்தப் பக்கம் நேர்மையாகாது. ஏ.எஃப்.சி. விம்பிள்டன் 2002லிருந்து ஆடியது கிங்ஸ்மெடோ என்ற மைதானத்தில். அது கிங்ஸ்டோனியன் என்ற இன்னொரு பழைய கிளப்புக்காகக் கட்டியது. அந்தக் கிளப் நொடித்து, மைதானம் கைமாறியிருந்த நேரம். 2003ல் விம்பிள்டன் ரசிகர்கள் பணம் திரட்டி மைதானத்தைத் தங்கள் வசமாக்கினார்கள், கிங்ஸ்டோனியன் அங்கேயே வாடகைக்கு ஆடியது. சொந்த ஊரில் புதிய மைதானம் கட்டப் பணம் வேண்டியிருந்தபோது, கிங்ஸ்மெடோவை செல்சிக்கு விற்றார்கள். செல்சியின் பெண்கள் அணி அங்கே ஆடத் தொடங்கியது. கிங்ஸ்டோனியன் 2017ல் வெளியேறியது. அதன் பிறகு அந்தக் கிளப் ஊர் ஊராக அடுத்தவர் மைதானத்தில் ஆடிக்கொண்டிருக்கிறது.

சட்டப்படி தவறில்லை. விற்றதும் அவர்கள் சொத்துதான். ஆனாலும் ஊரை இழந்தவர்கள் ஊருக்குத் திரும்பிய வழியில் இன்னொருவர் ஊரை இழந்தார். விம்பிள்டன் ரசிகர்களிலேயே இதை மனசு உறுத்தப் பேசுகிறவர்கள் உண்டு. அப்படிப் பேசுகிறவர்கள் இருப்பதால்தான் எனக்கு அந்தக் கிளப்பின் மேல் மதிப்புக் குறையவில்லை.

மீதிக் கதை சுருக்கமாக. 2012ல் எஃப்.ஏ. கோப்பைக் குலுக்கலில் முதல் தடவையாக மில்டன் கீன்ஸை எதிர்கொண்டு 1-2 என்று தோற்றார்கள். 2014ல் வேறொரு கோப்பையில் 3-2 என்று திருப்பிக் கொடுத்தார்கள். 2016ல் வெம்ப்ளி ப்ளே-ஆஃபில் பிளிமத்தை வென்று மூன்றாம் படிக்கு ஏறினார்கள், மில்டன் கீன்ஸ் அதே டிவிஷனுக்கு மேலிருந்து இறங்கி வந்திருந்தது. ப்ளவ் லேனில் பழைய மைதானத்துக்குச் சற்றுத் தள்ளி, நாய்ப் பந்தயம் நடந்த இடத்தில் புதிய மைதானம் எழுந்தது. கட்டி முடிக்கப் பணம் பற்றாக்குறையானபோது பெரும் பணக்காரர்களிடம் பங்கை விற்கலாமா என்று விவாதம் நடந்தது. கட்டுப்பாடு கைநழுவிவிடும் என்று பயந்த ரசிகர்கள் கடன் பத்திரம் வெளியிட்டார்கள். 50 லட்சம் பவுண்டுக்கு மேல் சேர்ந்தது. 2020 நவம்பர் 3 அன்று, 29 வருஷம் கழித்து, டான்காஸ்டருடன் முதல் ஆட்டம். 2-2. கொரோனா காலம் என்பதால் பார்வையாளர் ஒருவர்கூடக் கிடையாது. கடன் பத்திரம் வாங்கியவர்கள் வீட்டில் உட்கார்ந்து திரையில் பார்த்தார்கள். அந்தச் சமயத்தில் ரசிகர்களில் ஒரு கூட்டம் சூப்பர் மார்க்கெட் வாசல்களில் நின்று மளிகைச் சாமான் திரட்டி, கஷ்டப்பட்ட குடும்பங்களுக்கு விநியோகித்துக்கொண்டிருந்தது.

2022ல் மறுபடி நாலாம் படிக்கு இறங்கினார்கள். 2024 செப்டம்பரில் பக்கத்தில் ஓடும் வாண்டில் ஆறு கரை மீறி, மைதானத்தின் ஒரு மூலை அப்படியே உள்வாங்கியது. நியூகாசிலுடன் நடக்கவிருந்த லீக் கோப்பை ஆட்டத்தை நியூகாசிலுக்கே மாற்ற வேண்டியதாயிற்று. அதே சீசன் முடிவில், 2025 மே மாதம், வெம்ப்ளியில் வால்சாலை 1-0 என்று வென்று மறுபடி மூன்றாம் படி.

நம் நாட்டிலும் அணிகள் ஊர் மாறியிருக்கின்றன. இந்தியன் சூப்பர் லீகின் டெல்லி டைனமோஸ் 2019ல் புவனேஸ்வரம் போய் ஒடிஷா எஃப்.சி. ஆனது. டெல்லியில் பெரிய கலவரமெல்லாம் இல்லை. ஐந்து வருஷ அணிக்கு யார் அழுவார்கள் என்று கேட்கலாம். கேள்வி நியாயம்தான். அந்த லீகில் அப்போது தோற்றால் இறங்குவது என்பதே இல்லை. கீழே புதிதாகத் தொடங்கி ஆடி ஆடி மேலே வருவதற்கான வழியும் பல வருஷம் அடைத்தே கிடந்தது. சாண்ட்ஹர்ஸ்டில் ஆடியவர்களுக்கு, ஜெயித்துக்கொண்டே போனால் எங்கே போய்ச் சேரலாம் என்பது முதல் நாளே தெரியும். விம்பிள்டன்காரர்களின் பிடிவாதத்துக்குச் சமமாக நான் மதிப்பது அந்தத் திறந்த வழியைத்தான். வழி இல்லாத இடத்தில் பிடிவாதம் வெறும் வீம்பாகவே முடிந்திருக்கும்.

கடிதம் எழுதிய வாசகருக்கும் மற்றவர்களுக்கும் ஒரு வேண்டுகோள். உங்கள் ஊரில் இருபது, முப்பது வருஷமாக ஓடும் கால்பந்து கிளப் இருந்தால் எங்களுக்கு எழுதுங்கள். கோப்பைகளின் பட்டியல் அவசியமில்லை. மைதானம் யார் பேரில் இருக்கிறது, பந்து வாங்கக் காசு எங்கிருந்து வருகிறது, ஆட்டம் முடிந்ததும் ஜெர்ஸியைத் துவைப்பது யார், கணக்கு எழுதுகிறவர் பெயர் என்ன, இவற்றைச் சொல்லுங்கள். தேர்ந்தெடுத்தவற்றைத் தொடர்ந்து வெளியிடுகிறோம். குழுப் படம் அனுப்புகிறவர்கள் தயவுசெய்து இடமிருந்து வலமாக எல்லோர் பெயரையும் படத்தின் பின்னால் எழுதி அனுப்புங்கள். போன தடவை வந்த படங்களில் நிற்பவர் யார், உட்கார்ந்திருப்பவர் யார் என்று தெரியாமல் எங்கள் உதவி ஆசிரியர் பட்ட பாடு கொஞ்சநஞ்சமல்ல.

அன்புடன்,
ஆசிரியர்